அசானோ சும்மா நிற்கிறாரா, நடிக்கிறாரா?

வாசகர் கேள்வி, 2025 ஜனவரி 9

ஷோகன் தொடர் பார்த்தேன். யபுஷிகே பிரபுவாக வரும் ததனோபு அசானோ பிரமாதம். கோல்டன் குளோபும் வாங்கிவிட்டார். சரி, பழைய படங்களையும் பார்ப்போம் என்று இரண்டைப் பார்த்தேன். இரண்டிலும் மனிதர் சும்மா நிற்கிறார். முகத்தில் ஒன்றுமே இல்லை. முப்பது வருஷம் சும்மா நின்றதற்கா ஜப்பானிய சுயாதீன சினிமாவின் முகம் என்கிறார்கள்? ஐம்பது வயதில்தான் நடிக்கக் கற்றுக்கொண்டார் என்பது என் கட்சி. மறுப்பவர்கள் வரலாம்.

ஜனவரி 9, இரவு

எந்த இரண்டு படம் என்று சொல்லவில்லையே. 'மாபொரோஷி', 'கஃபே லூமியே' என்று ஊகிக்கிறேன். முதல் படத்தில் அரைமணி ஆவதற்குள் செத்துப்போகிற கணவன். அடுத்ததில் டோக்கியோவின் ஜிம்போச்சோவில் பழைய புத்தகக் கடைக்காரன், ஓய்ந்த நேரத்தில் மைக்கும் கையுமாக ரயில் சத்தத்தைப் பதிவு செய்கிறவன். இவர்கள் வேறென்ன செய்ய வேண்டும், குத்துப்பாட்டுக்கு ஆட வேண்டுமா?

ஜனவரி 10

நேற்று கொஞ்சம் சூடாக எழுதிவிட்டேன். இன்று நிதானமாக.

1973இல் யோகோஹாமாவில் பிறந்தவர். அப்பா நடிகர்களுக்கு வாய்ப்புப் பிடித்துத் தரும் தொழிலில் இருந்தவர். மகனையும் அவரே 1988இல் 'கின்பாச்சி சென்செய்' என்ற பள்ளிக்கூடத் தொடரில் சேர்த்துவிட்டார். ஜப்பானில் அந்தத் தொடரில் தலைகாட்டிய பையன்களின் பட்டியலே தனி. பெரும்பாலோர் அப்படியே தொலைக்காட்சிப் பக்கம் போனார்கள். இவர் 1990இல் 'படாஷி கிங்யோ' மூலம் சினிமாவுக்கு வந்தார், வந்தவர் சின்னப் படங்களிலேயே தங்கிவிட்டார்.

அதைத் தியாகம் என்று நினைக்க வேண்டாம். அந்தக் காலத்து டோக்கியோவில் சின்னப் படத்துக்கென்று ஒரு தனி உலகமே இருந்தது. மினி தியேட்டர் என்பார்கள். நூறு, இருநூறு இருக்கை, ஒன்றிரண்டு திரை, டோஹோ, ஷோச்சிகு போன்ற பெரிய கம்பெனிகளின் சங்கிலியில் சேராதவை. ஷிபுயாவில் மட்டும் சினிமா ரைஸ், யூரோஸ்பேஸ் என்று இருந்தன. ஒரு படத்தை மாதக்கணக்கில் ஓட்டுவார்கள். கடைசிக் காட்சியை மட்டும் ஒரு விசித்திரமான படத்துக்கு ஒதுக்குவார்கள். பார்க்க வந்த கூட்டம் இருபது வயதுக் கூட்டம். அந்தக் கூட்டத்துக்குப் போஸ்டரில் ஒரு முகம் தேவைப்பட்டது. அசானோவின் முகம் அங்கே போய் ஒட்டிக்கொண்டது.

ஜனவரி 10, பின்குறிப்பு

பெயர் பற்றி ஒருவர் கேட்டிருந்தார். தடனோபு இல்லை, ததனோபு. முதல் த வன்மையாக, இரண்டாவது த மென்மையாக, 'ததும்பு' என்று சொல்வோமே அதுபோல. தமிழ் எழுத்து இதற்கென்றே செய்ததுபோல் பொருந்துகிறது. கொடுத்துவைத்தவர்.

ஜனவரி 12

நான் யோகோஹாமாவில் இரண்டு வருஷம் இருந்தேன், 2015 ஏப்ரலிலிருந்து. ஒப்பந்த வேலை. சினிமா ரைஸுக்குப் போக வேண்டும் என்று சொல்லிச் சொல்லியே நாட்களைக் கடத்தினேன். 2016 ஜனவரியில் அதை மூடிவிட்டார்கள். அரை மணி ரயில் தூரம். இன்றுவரை அந்த எரிச்சல் போகவில்லை.

அசானோ வளர்ந்த ஹொன்மோகு பகுதிக்கு மட்டும் ஒரு ஞாயிற்றுக்கிழமை போனேன். அங்கே ரயிலே கிடையாது, பேருந்துதான். போருக்குப் பிறகு அமெரிக்கக் கடற்படைக் குடும்பங்களுக்காக வேலி போட்டுக் கட்டிய வீடுகள் 1982 வரை இருந்த இடம். வேலிக்கு அந்தப் பக்கம் புல்தரையும் பெரிய காரும், இந்தப் பக்கம் மீனவக் குடியிருப்பாக இருந்த பழைய ஊர். எண்பதுகளின் கடைசியில் அந்த நிலத்தில் பிரம்மாண்டமான அங்காடி வளாகம் எழுந்தது. நான் போனபோது அந்தப் பழைய பளபளப்பு எதுவும் இல்லை. இவருடைய அம்மாவின் அப்பா அமெரிக்கப் படைவீரர், நவஹோ பழங்குடியைச் சேர்ந்தவர். அந்தக் கன்ன எலும்பும் கண்ணும் அதனால்தான் என்பார்கள்.

ஜனவரி 13

திருத்தம். மேலே நவஹோ என்று எழுதியது தவறு. ஒருவர் சுட்டிக்காட்டியிருக்கிறார், நன்றி. அசானோவே வெகுகாலம் அப்படித்தான் நம்பியிருந்தார். பிறகு ஜப்பானின் என்ஹெச்கே தொலைக்காட்சியில் குடும்ப வரலாறு தேடும் நிகழ்ச்சி ஒன்று தோண்டிப் பார்த்தபோது தாத்தாவின் வேர் நெதர்லாந்து, நார்வே பக்கம் என்று தெரிந்தது. ஆக, கன்ன எலும்புக்குக் காரணம் சொன்னவர்கள் எல்லோரும் (நானும்தான்) வாயை மூடிக்கொள்ளலாம்.

ஜனவரி 16

'சும்மா நிற்கிறார்' கட்சிக்குச் சில சாட்சிகளை அனுப்பிவைக்கிறேன்.

'ஷார்க் ஸ்கின் மேன் அண்ட் பீச் ஹிப் கேர்ள்': ஆரம்பத்திலேயே ஐயா உள்ளாடையோடு காட்டுக்குள் ஓடுகிறார். 'எலெக்ட்ரிக் டிராகன் 80000 வோல்ட்', 2001: சின்ன வயதில் மின்கம்பத்தில் மின்சாரம் தாக்கி உடம்பெல்லாம் மின்சாரமாகிவிட்டவன். கிட்டாரை அலறவிட்டுத்தான் அடங்குவான். கறுப்பு வெள்ளை, ஒரு மணி நேரம்கூட இல்லை. இயக்குநர் சோகோ இஷியோடு சேர்ந்து இவருக்கு மாக் 1.67 என்ற இசைக்குழுவே இருந்தது, படத்தின் இரைச்சல் அங்கிருந்து வந்ததுதான். அதே வருஷம் தகாஷி மீகேயின் 'இச்சி த கில்லர்': வாய் இரண்டு பக்கமும் கிழிந்து வளையம் போட்டு மூடியிருக்கும், சிகரெட் புகை கன்னத்தின் வழியாக வரும். இதெல்லாம் சும்மா நிற்பதா?

எச்சரிக்கை: கடைசியில் சொன்னதைச் சாப்பாட்டு நேரத்தில் போடாதீர்கள். நான் போட்டேன்.

ஜனவரி 19

மேலே எழுதியதைத் திரும்பப் படித்தேன். வக்கீல் வாதம்தான். கத்துகிற படங்களை எடுத்துக் காட்டிவிட்டு ஜெயித்துவிட்டேன் என்பது அழுகுணி ஆட்டம். கேள்வி கேட்டவர் சொல்வது நிற்கிற படங்களைப் பற்றி. அவற்றில் அவர் சும்மாதான் நிற்கிறார், அதை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அந்தப் படங்கள் ஏன் இத்தனை வருஷம் கழித்தும் மண்டையில் ஓடுகின்றன என்பதற்கு என்னிடம் இன்னும் பதில் இல்லை. இந்த வாரம் மறுபடி பார்க்கிறேன்.

ஜனவரி 25

மூன்று படம் பார்த்தேன். ஒரு விஷயம் பிடிபட்டது. நீளமாக வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

கொரேஏதாவின் 'மாபொரோஷி', 1995. ஒசாகாவில் இளம் தம்பதி. திருடிக்கொண்டு வந்த சைக்கிளுக்கு இரண்டு பேரும் பச்சை வண்ணம் அடிக்கிறார்கள். கைக்குழந்தை இருக்கிறது. ஒருநாள் அவன் தண்டவாளத்தில் நடந்துபோய் ரயிலில் அடிபடுகிறான். ஏன் என்று யாருக்கும் தெரியாது. அவனுக்குக் கடன் இல்லை, சண்டை இல்லை. மிச்சப் படம் முழுக்க அந்தப் பெண் வேறு ஊரில் வேறு கல்யாணத்தில் இருந்துகொண்டு அந்த 'ஏன்' என்பதைச் சுமக்கிறாள். இப்போது யோசியுங்கள்: அந்த முதல் அரைமணியில் இந்த நடிகர் ஒரு துளி சோகத்தைக் காட்டியிருந்தால்? 'ஆங், அப்பவே முகம் வாடியிருந்ததே' என்று நமக்குக் காரணம் கிடைத்திருக்கும். படம் அங்கேயே செத்திருக்கும். அவர் எதையும் விட்டுவைக்காமல் போவதால்தான் அவளும் தேடுகிறாள், நாமும் தேடுகிறோம்.

கியோஷி குரோசாவாவின் 'பிரைட் ஃபியூச்சர்', 2003. கைத்துடைக்கும் ஈரத் துண்டுகளை வெளுக்கும் தொழிற்சாலையில் இரண்டு இளைஞர்கள். அசானோ மமோரு, ஜோ ஒடாகிரி நிமுரா. மமோரு ஒரு விஷ ஜெல்லிமீனை வளர்க்கிறான், உப்புநீரிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாக நன்னீருக்குப் பழக்குகிறான். நிமுரா முன்கோபி. அதனால் மமோரு அவனுக்கு இரண்டு கைச் சைகை சொல்லித் தருகிறான்: ஒன்று 'பொறு', இன்னொன்று 'போ'. பிறகு ஒருநாள் முதலாளி வீட்டுக்குப் போய் முதலாளியையும் மனைவியையும் கொன்றுவிட்டு, ஒன்றும் நடக்காததுபோல் கைதாகிறான். சிறையிலேயே தூக்கில் தொங்குகிறான். தொங்கும்போது கை 'போ' என்று காட்டும்படி கம்பியால் கட்டிவைத்திருக்கிறான். இங்கேயும் ஆள் பாதியில் காலி. மிச்சப் படம் அந்தக் கைக்கு அர்த்தம் தேடுகிறது.

கோஜி ஃபுகாதாவின் 'ஹார்மோனியம்', 2016. இது நான் யோகோஹாமாவிலேயே ஒரு சின்ன அரங்கில் பார்த்த படம். துணைத்தலைப்பு இல்லை. என் ஜப்பானிய மொழி அப்போது கடைத்தெருவுக்குப் போதும், சினிமாவுக்குப் போதாது. அன்று அலுவலகத்தில் ஒரு சின்னப் பிழைக்கு மேலாளரிடம் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டு வந்திருந்தேன், தூங்கிவிடுவேன் என்றுதான் உட்கார்ந்தேன். சிறையிலிருந்து வந்த யசாகா என்பவனாக அசானோ. பட்டறை வைத்திருக்கும் பழைய நண்பன் வீட்டில் வந்து தங்குகிறான். நடையிலும் உட்காருவதிலும் ஒரு சிறை ஒழுங்கு. ஆரம்பம் முதல் கடைசிவரை வெள்ளைச் சட்டை. சாப்பாட்டை மட்டும் அவசரமாக முடிக்கிறான். வீட்டுப் பெண்குழந்தைக்கு ஹார்மோனியம் வாசிக்கச் சொல்லித் தருகிறான். வசனம் பாதி புரியாவிட்டாலும் எனக்குக் கழுத்துக்குப் பின்னால் குளிர்ந்தது. படத்தின் நடுவில் அவன் போய்விடுகிறான். அதன் பிறகு திரையில் வரவே வேண்டாம், ஒவ்வொரு காட்சியிலும் அவன்தான் இருக்கிறான். கான் விழாவின் அன் செர்ட்டன் ரிகார்ட் பிரிவில் ஜூரி பரிசு வாங்கிய படம்.

மூன்று இயக்குநர்கள், இருபது வருஷம், ஒரே வேலைக்கு இவரைக் கூப்பிட்டிருக்கிறார்கள்: பாதியில் காணாமல் போவதற்கு. சும்மா நிற்பதில் இல்லை விஷயம். நின்ற இடத்தைக் காலி செய்துவிட்டுப் போன பிறகும் அந்த இடம் காலியாகாமல் பார்த்துக்கொள்வதில் இருக்கிறது.

ஜனவரி 26

நான்காவதும் ஒன்று இருக்கிறது, நேற்று மறந்தேன். 'ஜர்னி டு த ஷோர்', 2015, மறுபடி குரோசாவா. இதில் தலைகீழ்: மூன்று வருஷத்துக்கு முன் கடலில் செத்தவன் திரும்பி வந்து, மனைவியைக் கூட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போகிறான். ஒரு கிராமத்தில் ஊர்க்காரர்களை உட்காரவைத்து அண்டம் எப்படி உண்டானது என்று வகுப்பு எடுக்கிறான். பேய் இயற்பியல் பாடம் நடத்துவதை வேறு யார் செய்தாலும் சிரித்திருப்பேன்.

ஜனவரி 28

ஹாலிவுட் பற்றிக் கேட்டவருக்கு. 'தோர்' படங்களில் ஹோகன், 'பேட்டில்ஷிப்'பில் ஜப்பானியக் கப்பல் தலைவர், 'மார்ட்டல் காம்பட்'டில் மின்னல் கடவுள் ரெய்டன் (எலெக்ட்ரிக் டிராகன் பார்த்த யாரோ கூப்பிட்டிருக்க வேண்டும் என்பது என் கற்பனை). '47 ரோனின்' விஷயம்தான் வேடிக்கை. அந்த வரலாற்றுக் கதையில் அவமானப்பட்டு வயிறு கிழித்துச் செத்த பிரபுவின் குலப்பெயர் அசானோ. அதற்குக் காரணமான வில்லன் கிரா. நம் அசானோவுக்குக் கொடுத்தது கிரா வேடம்!

மூன்றாவது தோர் படமான 'ரக்னராக்'கில் ஹோகன் ஒரு சண்டையில் வில்லி ஹேலா கையால் சாகிறான். படம் மறு நிமிடமே வேறு வேலை பார்க்கப் போய்விடுகிறது. காணாமல் போவதில் உலகிலேயே கெட்டிக்காரனை வாடகைக்கு எடுத்துக் கொன்றுவிட்டு, அவன் போனதைக் கவனிக்கக்கூட நேரமில்லை. வீண் செலவு.

ஸ்கார்செஸியின் 'சைலன்ஸ்' அப்படி இல்லை. அதில் மொழிபெயர்ப்பாளர் வேடம், முதலில் கென் வாதானபேக்குப் பேசியிருந்தது. ஜப்பானில் பிடிபட்ட பாதிரியாரை, மதத்தை விட்டுவிடச் சொல்லி, சிரித்துக்கொண்டே உடைக்கிற ஆள். தானே வளைந்துகொடுக்கத் தெரிந்தவனுக்கு வளையாதவன் மேல் இருக்கிற ஒரு இளக்காரம் இருக்குமே, அது.

ஜனவரி 29

'மங்கோல்' விட்டுப்போயிற்று. 2007, ரஷ்ய இயக்குநர் செர்கேய் போட்ரோவ். செங்கிஸ்கானாக ஒரு ஜப்பானியர், மங்கோலிய மொழியில் பேசி நடித்தார். நண்பனாயிருந்து எதிரியாகும் ஜமுகாவாகச் சீனாவின் சுன் ஹொங்லெய் பிய்த்து உதறினார், அசானோ மரக்கட்டையில் கழுத்து மாட்டிக் கூண்டில் உட்கார்ந்தே படத்தை இழுத்தார். மங்கோலியா சார்பில் ஆஸ்கார் பரிந்துரை பெற்றது.

ஜனவரி 29, ஒரு மணி நேரம் கழித்து

மங்கோலியா இல்லை, கஜகஸ்தான் சார்பில். ஒரே இழையில் இரண்டு திருத்தம்.

பிப்ரவரி 2

தாய்லாந்துப் படத்தை யாரும் சொல்லவில்லையே என்று ஒருவர் வருத்தப்பட்டார். நியாயம். பென்எக் ரதனருவாங்கின் 'லாஸ்ட் லைஃப் இன் த யுனிவர்ஸ்', 2003. பாங்காக்கில் ஜப்பானிய நூலகத்தில் வேலை பார்க்கும் கென்ஜி. வீட்டில் செருப்பிலிருந்து புத்தகம்வரை வரிசை மாறாது. தற்கொலைக்கு முயல்வான், ஒவ்வொரு தடவையும் யாராவது வந்து கெடுத்துவிடுவார்கள். அப்புறம் நோய் என்ற தாய்லாந்துப் பெண்ணின் குப்பைமேடு போன்ற வீட்டில் போய்த் தங்குகிறான். அரைகுறை ஆங்கிலம், அரைகுறை ஜப்பானியம், அரைகுறை தாய். மூன்று அரைகுறையில் ஒரு முழுக் காதல். ஒளிப்பதிவு கிறிஸ்டோபர் டாய்ல். வெனிஸ் விழாவில் இவருக்கு நடிகர் விருது கிடைத்தது இதற்குத்தான். நூலகச் சுவரில் 'இச்சி த கில்லர்' போஸ்டர் தொங்கும், அதில் அசானோ முகம், கீழே சாதுவாக அசானோ. அந்தப் படத்தை எடுத்த மீகேயும் யகுசாவாக, அதாவது ஜப்பானிய ரவுடியாக, தலைகாட்டுகிறார்.

நான் தனியாக வெளிநாட்டில் இருந்த நாட்களில் இந்தப் படம் ரொம்ப உதவியது. எப்படி என்று கேட்காதீர்கள். வீட்டில் செருப்பை அடுக்கிவைக்க ஆரம்பித்தேன்.

பிப்ரவரி 3

இன்னொரு திருத்தம், இது முக்கியமானது. 'ஹார்மோனியம்' படத்தில் கடைசிவரை வெள்ளைச் சட்டை என்று எழுதியிருந்தேன். இல்லை. ஒரு காட்சியில் வெள்ளை வேலையுடுப்பின் மேல்பாதியைக் கழற்றுகிறான், உள்ளே சிவப்பு டி-ஷர்ட். அங்கேதான் நமக்கு வயிற்றைக் கலக்கும். மறுபடி பார்த்த பிறகும் எப்படித் தவறாக எழுதினேன்? வெள்ளைச் சட்டைதான் மனசில் பதிந்திருக்கிறது. அதே ஃபுகாதா 2020இல் கொரோனா வந்து மினி தியேட்டர்கள் இழுத்து மூடப்பட்டபோது இன்னொரு இயக்குநர் ரியூசுகே ஹமாகுச்சியோடு சேர்ந்து பொதுமக்களிடம் நிதி திரட்டினார், 33 கோடி யென்னுக்கு மேல் சேர்ந்தது. சினிமா ரைஸ் அதைப் பார்க்க இல்லை.

பிப்ரவரி 8

கேள்வி கேட்டவர் திரும்பி வந்திருக்கிறார். ஊகம் பாதி சரியாம், 'கஃபே லூமியே' பார்த்திருக்கிறார், மற்றது 'ஹெல்ப்லெஸ்'. அது 1996, ஷின்ஜி அஓயாமாவின் முதல் படம், கிதாக்யூஷு பின்னணி. அதிலேயே வாணலியால் ஒருவனை அடித்துக் கொல்கிறாரே ஐயா, அது நிற்பதா? அதில் அவர் பெயரும் கென்ஜி (தாய்லாந்துப் படத்துக் கென்ஜி வேறு). அதே ஆளாகப் பதினொரு வருஷம் கழித்து 'சாட் வெக்கேஷன்' படத்திலும் வந்தார். இளைஞனாகப் பார்த்தவனை நடுவயதில் பார்க்கும்போது நடிகரும் சேர்ந்து முற்றியிருப்பது தெரியும். அஓயாமா 2022இல் போய்விட்டார், மூன்றாவது தடவை கென்ஜி வரமாட்டான்.

'ஐம்பது வயதில் கற்றுக்கொண்டார்' என்பதில் இன்னும் நிற்கிறாராம். யபுஷிகே வேறு ஆள் என்கிறார். எனக்கு அப்படித் தோன்றவில்லை. யபுஷிகே என்ன செய்கிறான்? முதல் அத்தியாயத்தில் ஒருவனைக் கொதிநீரில் போட்டுவிட்டு அந்தச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். அதன் பிறகு தொடர் முழுக்கக் கட்சி மாறுகிறான், முனகுகிறான், சாவுக்கு முன்னேற்பாடாக உயிலை எழுதி எழுதித் திருத்துகிறான். போகப்போகிறோம் என்று தெரிந்தவன். பழைய அசானோ சொல்லாமல் போவார், இவன் சொல்லிக்கொண்டே போகிறான், கடைசி அத்தியாயத்தில் பாறை விளிம்பில் உட்கார்ந்து. வித்தியாசம் சத்தத்தில்தான்.

கோல்டன் குளோப் மேடையில் முதல் வேலையாக, நான் யாரென்று உங்களுக்குத் தெரியாமல் இருக்கலாம் என்று சொல்லிப் பெயரைச் சொன்னார். கூடம் சிரித்தது. நான் சிரிக்கவில்லை, 'எனக்குத் தெரியும்யா' என்று திரையைப் பார்த்துக் கத்தினேன். பக்கத்து அறையில் பையன் தூங்கிக்கொண்டிருந்தான்.

பிப்ரவரி 9

குடும்பத்தோடு எதைப் பார்க்கலாம் என்று கேட்டவருக்கு: 'மை மேன்' வேண்டவே வேண்டாம். மாஸ்கோ விழாவில் சிறந்த நடிகர் விருது கொடுத்தார்கள், நடிப்பும் அதற்குத் தக்கதுதான், ஆனால் மாமனார் பக்கத்தில் உட்கார்ந்து பார்க்கிற படம் இல்லை. 'தி டேஸ்ட் ஆஃப் டீ', 2004, போடுங்கள். மலையடிவார ஊரில் ஒரு குடும்பம், அசானோ தாய்மாமன். சின்ன வயதில் காட்டில் மலம் கழிக்கப் போய், பெரிய முட்டை என்று நினைத்து ஒரு மண்டையோட்டின் மேல் இருந்துவிட்ட கதையைச் சொல்கிறார். அதன் பிறகு பச்சை குத்திய ரவுடியின் ஆவி தலையில் அதோடு இவரையே பார்த்துக்கொண்டு நிற்குமாம். இதை முகத்தில் ஒரு சலனமும் இல்லாமல், வானிலை அறிக்கை வாசிப்பதுபோல் சொல்வார்.

இன்று இரவு நாங்களும் அதைத்தான் பார்க்கிறோம். மனைவிக்கு மெதுவான படம் ஆகாது. மண்டையோடு வரும்போது மட்டும் கூப்பிடச் சொல்லியிருக்கிறாள்.